பழைய பில் பிரிண்டர், புது சிஸ்டம்: செட்டிங் எங்கே இருக்கட்டும், டிரைவரை எதில் கட்டி வைக்கலாம்?

2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் நிறுத்திவிட்டது. அதிலிருந்து வடசென்னையில் பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோடு துணிக்கடை முதல் திருவொற்றியூர் மளிகைக் கடை வரை ஒரே பேச்சுதான்: சிஸ்டத்தை மாத்தணும். மாறப்போவது சிஸ்டம் மட்டும்தான். பில் பிரிண்டர், தராசு, ஸ்கேனர் எல்லாம் அப்படியே இருக்கப்போகின்றன. 2017-இல் ஜிஎஸ்டி வந்த சமயத்தில் வாங்கிய தெர்மல் பிரிண்டர் பல கல்லாக்களில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. ஓடுகிற மெஷினை யாரும் தூக்கிப் போட மாட்டார்கள், போடவும் வேண்டாம்.

பழைய மெஷினைப் புது சிஸ்டத்தில் மாட்டும்போதுதான் இரண்டு கேள்விகள் வருகின்றன. கருவியை விண்டோஸோடு பேச வைக்கும் மென்பொருளான டிரைவர் ஃபைல் எங்கே? முன்பு வைத்திருந்த செட்டிங் என்ன? இந்த ஏரியாவில் கடை கடையாகப் போய் இதே வேலை பார்ப்பவன் என்பதால் என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கருவிக்குள் வைக்க முடிகிற செட்டிங்கைக் கருவிக்குள்ளேயே வையுங்கள். டிரைவர் தொகுப்பை, பல ஃபைல்களைச் சுருக்கி ஒன்றாகக் கட்டும் ஜிப் ஃபைலாக வையுங்கள். இரண்டுக்கும் விதிவிலக்கு உண்டு. குறிப்பாகத் தமிழில் பில் அடிப்பவர்களுக்கு முதல் விதி பாதி அளவுக்குத்தான் பொருந்தும். அதையும் கீழே பார்க்கலாம்.

கருவிக்குள் ஏன் என்றால், கடையில் முதலில் சாகிற பொருள் சிஸ்டம்தான். சிபியு பெரும்பாலும் கல்லாவுக்குக் கீழே தரையில் இருக்கும்; பிரிண்டரும் தராசும் மேசைமேல் இருக்கும். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது வடசென்னைத் தெருக்களில் தண்ணீர் ஏறியபோது எது நனைந்தது, எது தப்பியது என்று இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. வெள்ளம் வராத வருஷத்திலும் ஹார்டு டிஸ்க் போகும், வைரஸ் வரும், யாராவது வந்து ஃபார்மட் அடிப்பார்கள். சிஸ்டத்துக்குள் இருந்த செட்டிங் அத்தனையும் அதோடு போகும்.

டிரைவர் ஃபைல்: எந்த வடிவில் வைப்பது

முதலில் அந்தத் தொகுப்புக்குள் என்ன இருக்கிறது என்று பார்த்துவிடலாம். பிரிண்டர் கம்பெனியின் தளத்திலிருந்து இறக்கினால் பெரும்பாலும் இரண்டில் ஒன்று வரும். ஒன்று, ஒரே ஒரு இஎக்ஸ்இ ஃபைல். டபுள் கிளிக் செய்தால் தானே பிரித்துத் தானே நிறுவிக்கொள்ளும். மற்றொன்று, ஜிப். ஜிப்பைப் பிரித்தால் உள்ளே ஐஎன்எஃப் என்று முடியும் ஃபைல் ஒன்று இருக்கும். எந்த மாடலுக்கு எந்த ஃபைல் போக வேண்டும் என்று விண்டோஸுக்குச் சொல்கிற குறிப்பு அது. பக்கத்தில் சிஏடி என்று ஒன்று. அது தயாரிப்பாளரின் டிஜிட்டல் கையெழுத்து. அப்புறம் உண்மையில் வேலை செய்கிற டிஎல்எல், எஸ்ஒய்எஸ் ஃபைல்கள். இவற்றோடு செட்டிங் மாற்றுவதற்கான சின்ன மென்பொருள், பிடிஎஃப் கையேடு எல்லாம் வரலாம்.

இங்கே அடிக்கடி நடக்கிற கூத்து ஒன்று உண்டு. ஜிப்பை டபுள் கிளிக் செய்தால் விண்டோஸ் அதைச் சாதாரண ஃபோல்டர் மாதிரியே திறந்து காட்டும். உடனே உள்ளே இருக்கும் செட்டப்பை அங்கிருந்தே ஓட்டிவிடுவார்கள். அப்படிச் செய்தால் விண்டோஸ் அந்த ஒரு ஃபைலை மட்டும் தற்காலிக இடத்துக்கு எடுத்து ஓட்டும். கூட இருக்க வேண்டிய மற்ற ஃபைல்கள் ஜிப்புக்குள்ளேயே இருந்துவிடும். ‘ஃபைல் கிடைக்கவில்லை’ என்று பிழை வரும். கடைக்காரர் டிரைவரே தப்பு என்று முடிவு கட்டி, கண்ட தளங்களில் வேறு டிரைவர் தேட ஆரம்பிப்பார். செய்ய வேண்டியது இவ்வளவுதான்: ஜிப்மேல் ரைட் கிளிக் செய்து, எல்லாவற்றையும் எக்ஸ்ட்ராக்ட் செய்து, பிரிந்த ஃபோல்டரிலிருந்து ஓட்ட வேண்டும். பிரிப்பதற்கு முன் ஜிப்பின் ப்ராப்பர்ட்டீஸில் ‘அன்பிளாக்’ என்ற பெட்டி தெரிந்தால், தயாரிப்பாளரின் தளத்திலிருந்து இறக்கியதுதான் என்று உறுதியான பிறகு அதை டிக் செய்துகொள்ளலாம். இணையத்திலிருந்து வந்த ஃபைல் என்று விண்டோஸ் போட்டு வைக்கும் அடையாளம் அது.

இன்னொன்று 32 பிட், 64 பிட் விஷயம். விண்டோஸ் 11 64 பிட்டில் மட்டும்தான் வருகிறது. பழைய சிஸ்டத்தில் 32 பிட் விண்டோஸ் 7 ஓடியிருந்தால், அதற்கான டிரைவர் புதியதில் ஏறவே ஏறாது. தொகுப்புக்குள் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) என்று இரண்டு ஃபோல்டர் இருந்தால் பிரச்சினை இல்லை. எக்ஸ்86 மட்டும் இருந்தால் 64 பிட் டிரைவர் வேறாக வந்திருக்கிறதா என்று தேட வேண்டியதுதான். ஐஎன்எஃப் ஃபைலை நோட்பேடில் திறந்து ‘சரிசெய்து’ தருகிறேன் என்று யாராவது சொன்னால் விட வேண்டாம். அதில் ஓர் எழுத்து மாறினாலும் கையெழுத்து பொருந்தாது, விண்டோஸ் ஏற்க மறுக்கும்.

சரி, இஎக்ஸ்இ-யா ஜிப்பா? நிறுவுவதற்கு இஎக்ஸ்இ எளிது, பாதுகாத்து வைப்பதற்கு ஜிப் நல்லது. காரணம், ஜிப்பை எந்த சிஸ்டத்திலும், மொபைலில்கூட, எதையும் ஓட்டாமல் திறந்து உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்துவிடலாம். இஎக்ஸ்இ-யை ஓட்டிப் பார்த்தால்தான் தெரியும். ஆனாலும் பல இஎக்ஸ்இ-களை இலவசமான செவன்-ஜிப் மென்பொருள் மூலம் ஓட்டாமலே பிரித்துப் பார்க்கவும் முடியும். அப்படி உள்ளே ஐஎன்எஃப் ஃபைல் கிடைத்தால் அதைத் தனியாக எடுத்து வைத்துக்கொள்வது நல்லது. செட்டப் நடுவில் நின்றுபோனாலும் ஐஎன்எஃப்பை விண்டோஸுக்கு நேராகக் காட்டி டிரைவரை ஏற்றிவிடலாம்.

ஃபைல்களைச் சுருக்கிக் கட்டும் வடிவங்களான ஜிப், ரார், செவன்-இசட் மூன்றில் எது என்று கேட்டால், டிரைவருக்கு நான் தயங்காமல் ஜிப் என்பேன். ஜிப் 1989-இல் ஃபில் காட்ஸ் உருவாக்கியது. மூன்றிலும் பழசு, சுருக்குவதில் மூன்றிலும் சுமார். ஆனால் விண்டோஸ் எக்ஸ்பி காலத்திலிருந்தே வேறு எந்த மென்பொருளும் போடாமல் திறக்கும். 1999-இல் வந்த செவன்-ஜிப்பின் செவன்-இசட் வடிவம் ஃபைல்களை ஒன்றாகச் சேர்த்து நன்றாக நசுக்கும். ஆனால் சில பத்து எம்பி டிரைவரில் மிச்சமாகும் இடத்தை வைத்து என்ன செய்யப்போகிறோம்? விண்டோஸ் 11 2023-இன் கடைசியிலிருந்து ராரையும் செவன்-இசட்டையும் தானே திறக்கிறது. ஆனால் அவசரத்தில் கைக்குக் கிடைப்பது பக்கத்துக் கடையின் பழைய விண்டோஸ் 7 சிஸ்டமாகவும் இருக்கலாம்.

ராருக்கு ஒரு நல்ல குணம் உண்டு. மீட்புப் பதிவு என்று ஒன்றைச் சேர்த்துக் கட்டினால், ஃபைலில் கொஞ்சம் பழுது வந்தாலும் சரிசெய்துகொள்ளும். ஜிப்பில் அது இல்லை. மேலும் ஜிப்பின் உள்ளடக்கப் பட்டியல் ஃபைலின் கடைசியில் இருக்கிறது. அதனால் பாதியில் அறுந்த டவுன்லோடு ‘செல்லாத ஃபைல்’ என்று திறக்கவே மறுக்கும். மெதுவான இணையத்தில் இறக்குபவர்களுக்கு இது எரிச்சல்தான். ஆனாலும் டிரைவர் மாதிரிச் சின்ன ஃபைலுக்கு மீட்புப் பதிவைவிட இரண்டு இடத்தில் இரண்டு நகல் வைப்பதே மேல். ரார் ஃபைலை உருவாக்க வின்ரார் தேவை. அது காசு கொடுத்து வாங்க வேண்டிய மென்பொருள். 40 நாள் சோதனைக் காலம் முடிந்து வருஷக்கணக்கில் ஓட்டுவது நம் ஊர்ப் பழக்கம். அதைவிடக் கவலை, அது தானாக அப்டேட் ஆகாது. 2023-இல் அதில் ஒரு பெரிய ஓட்டை கண்டுபிடிக்கப்பட்டு, ஆகஸ்டில் வந்த 6.23 பதிப்பில் அடைக்கப்பட்டது. அதற்கு முந்தைய வின்ரார் உங்கள் கல்லா சிஸ்டத்தில் இருந்தால், டிரைவர் வேலையைத் தொடுவதற்கு முன்பே அதை நீக்கிவிடுங்கள்.

செவன்-இசட்டுக்கு இடமே இல்லையா என்றால், இருக்கிறது. டிரைவருக்குப் பூட்டு வேண்டாம், ஆனால் பில்லிங் மென்பொருளின் பேக்கப்புக்கு வேண்டும். அதில் வாடிக்கையாளர் போன் நம்பர், கடன் கணக்கு, ஜிஎஸ்டி விவரம் எல்லாம் இருக்கும். ஜிப்பின் பழைய கடவுச்சொல் முறை பலவீனமானது. செவன்-இசட் 256 பிட் ஏஇஎஸ் என்ற வலுவான முறையில் பூட்டும். ஃபைல் பெயர்களைக்கூட மறைக்கும். ஆகவே டிரைவர் ஜிப்பில், கணக்கு செவன்-இசட்டில். மாறாக, வாட்ஸ்அப்பில் ‘பிரிண்டர் டிரைவர், பாஸ்வேர்டு 1234’ என்று பூட்டிய ஃபைல் வந்தால் திறக்காதீர்கள். பூட்டியிருந்தால் ஆன்டிவைரஸால் உள்ளே எட்டிப் பார்க்க முடியாது என்பதற்காகத்தான் பெரும்பாலும் அப்படிப் பூட்டுகிறார்கள்.

டிரைவர் சிடி தொலைந்துவிட்டது, கம்பெனித் தளத்திலும் அந்த மாடலைக் காணோம் என்றால்? பழைய சிஸ்டம் உயிரோடு இருந்து, அது 64 பிட் விண்டோஸ் 10 ஆகவும் இருந்தால், அதிலிருந்தே டிரைவரைப் பெயர்த்தெடுக்கலாம். விண்டோஸோடு வரும் பிஎன்பியூட்டில் என்ற கட்டளை, சிஸ்டத்தில் ஏறியிருக்கும் வெளி டிரைவர்கள் அனைத்தையும் ஒரு ஃபோல்டரில் கொட்டிக் கொடுக்கும். அதை அப்படியே ஜிப் ஆக்கிவிடலாம். பிரிண்டரையும் அதன் போர்ட்டையும் சேர்த்தே ஏற்றுமதி செய்யும் வசதி ஒன்றும் விண்டோஸில் உண்டு. ஆனால் ஹோம் பதிப்பில் அது வராது. கடைகளில் பெரும்பாலும் இருப்பது ஹோம்தான். அதனால் பிஎன்பியூட்டில் வழியே நமக்கு உபயோகம். பழைய சிஸ்டத்தைக் காயலான் கடைக்குப் போடுவதற்கு முன் செய்ய வேண்டிய வேலை இது. விண்டோஸ் அப்டேட்டே கொண்டுவந்துவிடும் என்று நம்பி இருக்கவும் முடியாது. பிரிண்டர் கம்பெனிகளின் தனி டிரைவர்களை அந்த வழியில் தருவதைப் படிப்படியாகக் குறைக்கப்போவதாக 2023-லேயே மைக்ரோசாஃப்ட் அறிவித்துவிட்டது.

செட்டிங்: கருவியிலா, சிஸ்டத்திலா

செட்டிங் உட்காரக்கூடிய இடம் மூன்று. கருவியின் அடியில் இருக்கும் டிப் ஸ்விட்ச் (வரிசையாக இருக்கும் குட்டி ஸ்விட்ச்கள்), பட்டன் போன்றவை ஒன்று. கம்பெனி தரும் சின்ன மென்பொருள் வழியாகக் கருவியின் நினைவகத்தில் எழுதுவது இரண்டு. விண்டோஸ் டிரைவரின் பிரிண்டிங் ப்ரிஃபரன்ஸ், அல்லது பில்லிங் மென்பொருளின் செட்டிங் பக்கம் மூன்று. முதல் இரண்டும் கருவியோடு போகும். மூன்றாவது சிஸ்டத்தோடு போகும். எது எங்கே இருக்கிறது என்று தெரியாமல் இருப்பதுதான் பாதித் தலைவலிக்குக் காரணம்.

பில் பிரிண்டரில் இது நன்றாகத் தெரியும். பிரிண்டரை அணைத்து, ஃபீட் பட்டனை அழுத்திப் பிடித்தபடி ஆன் செய்தால் பெரும்பாலான தெர்மல் பிரிண்டர்கள் தம் செட்டிங்கையெல்லாம் ஒரு சீட்டாக அடித்துக் கொடுக்கும். புது சிஸ்டம் வாங்கும் முன்பே இந்தச் சீட்டை எடுத்து மொபைலில் போட்டோ பிடித்து வைத்துக்கொள்ளுங்கள். சீட்டையே பத்திரப்படுத்தினால் கொஞ்ச நாளில் எழுத்து மங்கிவிடும், தெர்மல் பேப்பரின் குணம் அது. பிரிண்டரைத் திருப்பி அடியில் உள்ள டிப் ஸ்விட்ச்களையும் ஒரு போட்டோ எடுத்துவிடுங்கள். டிப் ஸ்விட்சை மாற்றினால் பிரிண்டரை அணைத்துப் போட்ட பிறகுதான் பலன் தெரியும். ‘மாத்திட்டேன், ஒண்ணும் ஆகலையே’ என்பவர்கள் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் நிற்பார்கள்.

கட்டர் செட்டிங்கைப் பாருங்கள். பில் முடிந்ததும் பேப்பரை வெட்டு என்று பில்லிங் மென்பொருளும் சொல்லலாம், டிரைவரும் சொல்லலாம். கட்டர் வேலை செய்யலாமா கூடாதா என்பதை டிப் ஸ்விட்ச் தீர்மானிக்கும். புது சிஸ்டத்தில் டிரைவரை ஏற்றியதும் அதன் இயல்பான செட்டிங்கில் பெரும்பாலும் வெட்டு ஆன் ஆகி இருக்கும். மென்பொருளும் வெட்டச் சொல்லும். ஒவ்வொரு பில்லுக்கும் பின்னால் ஒரு வெற்றுத் துண்டு விழும். தீபாவளி நேரத்து எம்.சி. ரோட்டில் அந்தத் துண்டுகளே ரோலைக் காலி செய்துவிடும். நான் பரிந்துரைப்பது: கட்டரைக் கருவியில் ஆனில் வையுங்கள், வெட்டும் கட்டளை மென்பொருளில் மட்டும் இருக்கட்டும், டிரைவரில் ஆஃப் செய்துவிடுங்கள். கல்லாப்பெட்டி திறக்கும் செட்டிங்குக்கும் இதே கதைதான்.

பேப்பர் அகலம் மட்டும் இரண்டு இடத்திலும் ஒத்துப்போக வேண்டும். 58 மில்லிமீட்டர் ரோலில் அச்சாகும் அகலம் வழக்கமாக 384 புள்ளிகள். 80 மில்லிமீட்டரில் 576. பிரிண்டரின் சொந்த எழுத்தில் 12 புள்ளி அகல எழுத்தை எடுத்துக்கொண்டால் ஒரு வரிக்கு 32 எழுத்தும் 48 எழுத்தும் வரும். 80-க்கு வடிவமைத்த பில்லை 58-இல் அடித்தால் தொகைப் பத்தி வலப்பக்கம் அறுந்துபோகும், அல்லது அடுத்த வரியில் தனியாக விழும். ‘பிரிண்டர் கெட்டுப்போச்சு’ என்று சர்வீசுக்குக் கூப்பிடுகிறவர்களில் கணிசமானவர்களின் பிரச்சினை இந்த ஒரு எண்தான். (இன்னொரு கணிசம், ரோலைத் திருப்பிப் போட்டவர்கள். தெர்மல் பேப்பரில் ஒரு பக்கம்தான் எழுத்து விழும். நகத்தால் கீறிப் பாருங்கள், கோடு விழுகிற பக்கம்தான் அச்சுப் பக்கம்.)

இனி தமிழ். பெரும்பாலான பில் பிரிண்டர்களுக்குள் ஆங்கில எழுத்தும் சில ஐரோப்பிய எழுத்தும்தான் இருக்கும், தமிழ் இருக்காது. மென்பொருள் பிரிண்டருக்கு நேரடியாக எழுத்துக் கட்டளை அனுப்பினால், ‘துவரம் பருப்பு’ என்பது கேள்விக்குறி வரிசையாகவோ கிறுக்கலாகவோ வரும். டிரைவர் வழியாகப் போனால் விண்டோஸ் தமிழ் எழுத்தைப் படமாக வரைந்து புள்ளிகளாக அனுப்பும், அது அழகாக வரும். வேகம் கொஞ்சம் குறையும். யூஎஸ்பி-க்கு முந்தைய பழைய சீரியல் கேபிளில் அந்தக் குறைவு கண்ணுக்கே தெரியும். ஆகவே ஆங்கிலத்தில் மட்டும் பில் அடிக்கும் கடைக்கு, விண்டோஸோடு வரும் ‘ஜெனரிக் டெக்ஸ்ட்’ டிரைவரே போதும். கம்பெனி டிரைவர் தொலைந்தாலும் கவலையில்லை. பெயர்களைத் தமிழில் அடிக்கும் கடைக்குக் கம்பெனி டிரைவர் கட்டாயம். அகலம், கருமை, ஓரம் எல்லாம் அந்த டிரைவரில்தான் இருக்கும். கருவியிலேயே வையுங்கள் என்ற என் விதி பாதிதான் பொருந்தும் என்று சொன்னது இதைத்தான். இப்படிப்பட்ட கடையில் ப்ரிஃபரன்ஸ் பக்கம் ஒவ்வொன்றையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து, டிரைவர் இருக்கும் அதே ஜிப்பில் போட்டு வைக்க வேண்டும்.

இரண்டு கவுன்டர் உள்ள கடையில் பிரிண்டரை நெட்வொர்க் கேபிளில் மாட்டியிருப்பார்கள். அங்கே கேள்வி, நெட்வொர்க்கில் பிரிண்டரை அடையாளம் காட்டும் எண்ணான ஐபி முகவரியை எங்கே நிலைப்படுத்துவது? ரவுட்டரில் ‘இந்த பிரிண்டருக்கு இந்த முகவரி’ என்று ஒதுக்கி வைக்கலாம், அல்லது பிரிண்டருக்குள்ளேயே நிலையான முகவரியை எழுதலாம். பெரிய அலுவலகமாக இருந்தால் ரவுட்டரில் ஒதுக்குவதுதான் ஒழுங்கு. நம் கடைகளில் ரவுட்டர் இணைய கம்பெனியுடையது. கனெக்‌ஷன் மாறினால் ரவுட்டரும் மாறும், ஒதுக்கியதும் போகும். அதனால் பிரிண்டரிலேயே எழுதிவிடுவது நல்லது. ஆனால் ரவுட்டர் மற்றவர்களுக்குத் தானாகக் கொடுக்கும் முகவரி வரம்புக்கு வெளியே இருக்கும் எண்ணாகப் பார்த்துக் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒருநாள் யாருடைய மொபைலோ அதே முகவரியைப் பிடித்துக்கொள்ளும், பில் வராது, காரணமும் புரியாது.

பார்கோடு ஸ்கேனர் இந்த விஷயத்தில் மிகவும் சமர்த்து. கையேட்டில் உள்ள பார்கோடைப் படித்தாலே அதன் செட்டிங் மாறி அதற்குள்ளேயே பதிந்துவிடும்; மென்பொருளே வேண்டாம். படித்ததும் என்டர் தட்ட வேண்டுமா, எந்த வகைக் கோடைப் படிக்க வேண்டும் எல்லாம் அப்படித்தான். அந்தக் கையேடு தொலைந்தால் கஷ்டம் என்பதால் அதன் பிடிஎஃப்பும் ஜிப்புக்குள் போகட்டும். இங்கே ஒரு தேர்வு உண்டு: விசைப்பலகை போல நடிக்கும் முறையா, சீரியல் போர்ட் முறையா? முதலாவதற்கு டிரைவர் தேவையில்லை, எந்த மென்பொருளிலும் வேலை செய்யும். ஆனால் பொருள் பெயர் அடிக்கத் தமிழ் விசைப்பலகைக்கு மாறியிருந்தால், எழுத்தும் எண்ணும் கலந்த துணிக்கடை கோடுகள் தமிழ் எழுத்தாக மாறி விழும். எண் மட்டும் உள்ள மளிகைப் பாக்கெட்டில் இது பெரும்பாலும் தெரியாது. சில ஸ்கேனர்களில் விசைப்பலகை மொழி எதுவாக இருந்தாலும் சரியாக அனுப்பும் ஆல்ட் முறை என்று ஒரு செட்டிங் உண்டு. அது இருந்தால் அதைப் போடுங்கள், இல்லாவிட்டால் சீரியல் முறைக்குப் போகலாம்.

தராசு: தொடலாம், தொடக்கூடாது

காசிமேடு மீன் வியாபாரிகளும் ஜி.ஏ. ரோடு மளிகைக் கடைக்காரர்களும் அதிகம் கேட்பது எலக்ட்ரானிக் தராசைப் பில்லிங்கோடு இணைப்பது பற்றி. தராசில் இரண்டு வகை செட்டிங் உண்டு. எடையைத் திருத்தும் அளவீட்டு செட்டிங் முத்திரைக்குப் பின்னால் இருக்கும். அதை யாரும் தொடக்கூடாது. தமிழ்நாட்டில் தொழிலாளர் துறையின் எடையளவுப் பிரிவு சரிபார்த்து முத்திரை வைக்கும் இடம் அது. முத்திரையை உடைத்தால் சட்டப்படி குற்றம். ‘சின்ன அட்ஜஸ்ட்மென்ட்தான் அண்ணாச்சி’ என்று எந்த சர்வீஸ் ஆள் சொன்னாலும் அனுப்பிவிடுங்கள். மற்றவை, அதாவது தகவல் வேகம், எப்போது அனுப்புவது, எந்த அலகில் அனுப்புவது போன்றவை பட்டனிலேயே மாற்றக்கூடியவை.

அலகுதான் இதில் ஆபத்தானது. தராசு கிராமில் 1250 என்று அனுப்புகிறது, மென்பொருள் அதைக் கிலோ என்று எடுத்துக்கொண்டால் ஒன்றேகால் கிலோ வஞ்சிரத்துக்கு ஆயிரம் மடங்கு பில் வரும். அது உடனே தெரிந்துவிடும், சிரித்துவிட்டுப் போகலாம். தெரியாமல் போவது வேறு: மென்பொருளில் தசமத்துக்குப் பின் இரண்டு இடம் மட்டும் வைத்திருந்தால், 1.255 கிலோ 1.25 என்றோ 1.26 என்றோ ஆகிவிடும். தராசில் வாடிக்கையாளர் பார்க்கும் எடையும் பில்லில் இருக்கும் எடையும் ஒத்துப்போகாது. சண்டை அங்கேதான் வரும். ஆகவே தராசில் கிலோ, மூன்று தசமம், மென்பொருளிலும் அதே. மாற்றுக் கணக்கு எதையும் மென்பொருளில் போட வேண்டாம்.

எப்போது அனுப்புவது என்பதிலும் இரண்டு வழி. தராசு ஓயாமல் எடையை அனுப்பிக்கொண்டே இருக்கலாம், அல்லது பட்டனை அழுத்தினால் மட்டும் அனுப்பலாம். மளிகைக்கு முதலாவது வசதி. பருப்பைக் கொட்டி நிறுத்தியதும் மென்பொருள் எடுத்துக்கொள்ளும். மீனுக்கு நான் இரண்டாவதைத்தான் சொல்வேன். தட்டில் தண்ணீர் சொட்டும், நண்டு நகரும், எண் நிலைக்காது. பல தராசுகள் எண்ணோடு ‘நிலையாக இருக்கிறது’, ‘ஆடுகிறது’ என்ற குறியையும் சேர்த்து அனுப்பும். ஆனால் மலிவான பில்லிங் மென்பொருள்கள் பல அதைப் பார்ப்பதில்லை. ஆள் பார்த்து அழுத்துவதே நம்பகம்.

புது சிஸ்டத்தில் பெரும்பாலும் சீரியல் போர்ட் இருக்காது என்பதால் யூஎஸ்பி மாற்றி ஒன்று வாங்க வேண்டியிருக்கும். எஃப்டிடிஐ சிப் உள்ளதும் சிஎச்340 சிப் உள்ளதும் பரவலாகக் கிடைக்கின்றன, இரண்டாவது மலிவு. வித்தியாசம் வேகத்தில் இல்லை. எஃப்டிடிஐ மாற்றிகளில் பொதுவாகத் தனி வரிசை எண் இருக்கும். அதனால் எந்த யூஎஸ்பி துளையில் குத்தினாலும் விண்டோஸ் அதே காம் போர்ட் எண்ணை, அதாவது சீரியல் இணைப்புக்கான அடையாள எண்ணைக் கொடுக்கும். சிஎச்340-இல் பெரும்பாலும் அது இல்லை. துளை மாறினால் எண்ணும் மாறும், தராசு ‘செத்துவிட்டது’ என்று போன் வரும். மலிவானதை வாங்கினால் அந்தத் துளையில் ஒரு ஸ்டிக்கர் ஒட்டி, வேறெதையும் அங்கே குத்தாதபடி பார்த்துக்கொண்டால் போதும். கடலோரக் கடைக்காரர்கள் விலையைவிடக் கனெக்டரைப் பார்க்க வேண்டும். உப்புக்காற்றில் ஒன்பது பின் கனெக்டர் பச்சை பூத்துவிடும். திருகி இறுக்கக்கூடிய, உறை நல்லதாக உள்ள கேபிளாக வாங்குங்கள்.

லேபிள் பிரிண்டர் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ரோலில் லேபிள்களுக்கு இடையே இடைவெளியா, பின்புறம் கறுப்புக் குறியா என்பதைக் கருவியே அளந்து பழகிக்கொள்ளும். ரோல் வகை மாறும்போது அந்த அளவீட்டை ஒருமுறை ஓட்டிவிட வேண்டும். லேபிள் அளவு லேபிள் மென்பொருளில் இருக்கட்டும்.

மொபைலில் புளூடூத் பிரிண்டர் வைத்து பில் போடும் தள்ளுவண்டிக்காரர்களுக்கும் சின்னக் கடைகளுக்கும் இதில் பாதி தேவையில்லை. அங்கே செட்டிங் எல்லாம் ஆப்பில்தான். கருவியில் வைக்க எதுவும் பெரிதாக இருக்காது. ஆப்பின் பேக்கப் எந்த மெயிலில் இருக்கிறது என்று தெரிந்தால் சரி. பில்லிங் கம்பெனியே கருவியையும் வாடகைக்குக் கொடுத்துப் பராமரிக்கிறது என்றால், செட்டிங்கில் கை வைக்காமல் அவர்களையே கூப்பிடுவதுதான் முறை.

மற்றவர்கள் கட்டி வைக்க வேண்டிய ஜிப்பில் டிரைவர், கம்பெனியின் செட்டிங் மென்பொருள், கையேடு, பிரிண்டர் அடித்துக் கொடுத்த செட்டிங் சீட்டின் போட்டோ, டிப் ஸ்விட்ச் போட்டோ, ப்ரிஃபரன்ஸ் ஸ்கிரீன்ஷாட், காம் போர்ட் எண்ணும் ஐபியும் எழுதிய ஒரு நோட்பேட் ஃபைல் எல்லாம் இருக்கட்டும். ஒரு கருவிக்கு ஒரு ஜிப். ஃபைல் பெயரில் மாடலும் வருஷமும் இருக்கட்டும். பெயரை ஆங்கில எழுத்திலேயே வையுங்கள், பழைய மென்பொருள்களில் தமிழ்ப் பெயர் சிதைந்துவிடும். பிரிண்டரின் ஃபர்ம்வேர் (கருவிக்குள்ளேயே ஓடும் மென்பொருள்) ஃபைலும் கூட இருந்தால் அதைத் தனி ஃபோல்டரில் ஒதுக்கி வையுங்கள். ஓடுகிற பிரிண்டருக்கு அது தேவையில்லை. ஏற்றும்போது கரன்ட் போனால் பிரிண்டரே போய்விடலாம். ஒரு நகல் பென் டிரைவில், ஒன்று கூகுள் டிரைவில். ஜிமெயிலில் இணைத்து அனுப்பப் பார்த்தால், உள்ளே இஎக்ஸ்இ இருப்பதால் ஜிப்பாக இருந்தாலும் ஏற்காது.

எப்போது மாற்றுவது என்பதும் யோசிக்க வேண்டியதுதான். காசிமேட்டில் விசைப்படகுகளை நம்பியிருக்கும் வியாபாரிகளுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான மீன்பிடித் தடைக்காலம் வசதி. எம்.சி. ரோட்டுக்காரர்கள் பொங்கல் வியாபாரம் முடிந்த பிறகு வைத்துக்கொள்ளலாம். அதுவரை விண்டோஸ் 10-இலேயே ஓட்ட வேண்டியிருந்தால், தனிநபர்களுக்கான கூடுதல் பாதுகாப்பு அப்டேட் திட்டம் 2026 அக்டோபர் 13 வரை இருக்கிறது. ஆனால் அதில் தனியாகப் பதிவு செய்ய வேண்டும், தானாக வராது. புது சிஸ்டம் வந்த பிறகும் பழையதை ஒரு மாதமாவது ஃபார்மட் அடிக்காமல், எக்ஸ்சேஞ்சில் கொடுக்காமல் பரணில் வைத்திருங்கள். மாதக் கடைசியில் ஒரு ஜிஎஸ்டி ரிப்போர்ட் எடுக்கும்போதுதான் ஏதோ ஒரு செட்டிங் விட்டுப்போனது தெரியவரும்.